இசைப்புலவர் வர்ஜில் தாம்ஸன்

இயல், இசை, நாடகம் என்னும் மூன்றையும் ஒன்றாகப் பிணைத்து முத்தமிழ் எனப் போற்றியவர் நம் முன்னோர். அம்மூன்றும் ஒருங்கே கூடும் அரங்கு இக்காலத்தில் எது என்று வினவின், திரைப்படமே என்று சிறுவரும் விடை கூறுவர். ஆயின் அவ்வரங்கிலே இசைக்குக் கிடைத்திருக்கும் நிலை யாது? கண்ணுக்கு விருந்தாகும் காட்சிகளின் பின்னே, அழைத்தபோது வந்து, அதட்டியபோது அடங்கும் பணிமகளாகவே அது பெரும்பாலும் நடத்தப்படுகின்றது. இந்நிலையை மாற்றி, இசையும் தன் நாவால் உண்மை பேசலாம் என்று காட்டியோர் சிலர். அவருள்ளும், பெரும் படக் கம்பெனிகளின் செல்வத்தை நாடாது, தனித்து நின்று படமெடுத்த ஏழைக் கலைஞரோடு தோள் சேர்ந்து உழைத்தவர் மிகச் சிலரே. அச்சிலருள் ஒருவர் அமெரிக்க நாட்டு வர்ஜில் தாம்ஸன். அவருடைய வரலாற்றை ஈண்டுச் சுருக்கமாக உரைக்கப் புகுகின்றேன்.

தாம்ஸன் 1896-ம் ஆண்டு நவம்பர் மாதம் 25-ந் தேதி மிஸௌரி மாகாணத்துக் கான்ஸாஸ் நகரத்திலே பிறந்தார். அவர் குடும்பம் செல்வக் குடும்பமன்று. பாப்டிஸ்ட் சபையைச் சார்ந்த எளிய குடும்பம். இளம் பருவத்திலேயே பியானோ பயின்ற அவர், சிறுவனாயிருந்தபோதே ஆலயங்களில் ஆர்கன் வாசித்துச் சிறிது பொருளும் ஈட்டினார். ஞாயிறுதோறும் சபையார் எழுந்து நின்று ஒரே குரலாய்ப் பாடும் ஞானப்பாட்டுக்களும், தெருவிலே இளைஞர் பாடும் நடனப் பாட்டுக்களும், மாடு மேய்ப்பவர் பாடும் நாட்டுப் பாட்டுக்களுமே அவர் செவி அறிந்த முதல் இலக்கணம். பிற்காலத்திலே அவர் கற்ற கல்வி பெரிது. சென்ற தேசங்கள் பல. ஆயினும் அந்த முதல் இலக்கணத்தை அவர் ஒருநாளும் மறந்தாரல்லர். அவருடைய பெருமை முழுவதும் இம்மறவாமையில் அடங்கியுள்ளது என்றே கூறலாம்.

முதல் உலக யுத்தத்தின்போது அவர் படையில் சேர்ந்தார். ஆனால் கடல் கடந்து போர்முனைக்குச் செல்லுமுன் யுத்தம் முடிந்துவிட்டது. 1919-ம் ஆண்டு ஹார்வர்ட் சர்வகலாசாலையில் மாணவரானார். அங்கிருந்த பாடகர் குழுவோடு 1921-ல் ஐரோப்பாவுக்குச் சென்றவர், ஓராண்டு பாரிஸ் மாநகரத்தில் தங்கி, நாடியா பூலான்ஷே என்னும் பேராசிரியையிடம் சங்கீதத்தின் நுண்மைகளைக் கற்றார். பட்டம் பெற்றபின், 1925-ல் மீண்டும் பாரிஸுக்கே சென்று, ஏறத்தாழப் பதினைந்து ஆண்டுகள் அந்நகரைத் தம் இருப்பிடமாகக் கொண்டார்.

பாரிஸிலே அக்காலத்துச் சங்கீத வித்துவான்கள் கடினமே உயர்வு என்று கருதினர். கேட்போர் திகைக்குமளவு பின்னலும் முடிச்சுமாக இசை அமைப்பதே புலமைக்கு அடையாளம் என்பது அவர் துணிபு. தாம்ஸனுக்கு வழிகாட்டியாயிருந்தவரோ எரிக் ஸாட்டி என்னும் பிரெஞ்சு மேதை. ஸாட்டி தம் வாழ்நாள் முழுவதும் வறுமையில் உழன்றும், ஆரவாரமற்ற தெளிந்த இசையையே இயற்றியவர். 1924-ம் ஆண்டிலே ரெனே கிளேர் எடுத்த ஒரு சிறு மௌனப் படத்துக்கு, காட்சிக்குக் காட்சி பொருந்துமாறு இசை அமைத்து, இத்துறைக்கே முன்னோடியாய் நின்றவர். குறைந்த சுரங்களால் நிறைந்த பொருளை உணர்த்தலாம் என்னும் பாடத்தைத் தாம்ஸன் அவர் நூல்களினின்று கற்றுக்கொண்டார். நம் குறள் வெண்பாவின் சுருக்கத்தைப் போற்றும் தமிழ் மாணவர்க்கு இப்பாடத்தின் அருமையை விரித்துரைக்க வேண்டுவதில்லை.

பாரிஸில் வாழ்ந்த அந்நாட்களிலே அவர் செய்த பணிகளுள் மூன்று இங்கே குறிக்கத்தக்கன. முதலாவது, 1926-ல் தொடங்கி 1928-ல் அவர் முடித்த ஞானப்பாட்டுச் சிம்பொனி. தம் நாட்டு ஆலயங்களிலே எளிய மக்கள் பாடிய பழைய மெட்டு ஒன்றைப் பெரிய வாத்திய கோஷ்டிக்கு உரிய பொருளாக்கினார் அவர். இரண்டாவது, மனிதரை எதிரில் அமர்த்தி, ஓவியர் வண்ணத்தால் வரைவதுபோல, அவர் இயல்பை அப்பொழுதே சுரங்களால் எழுதும் வழக்கம். இவ்வாறு நூற்றுக்கு மேற்பட்ட இசைச் சித்திரங்களை அவர் தம் வாழ்நாளில் வரைந்தார். காண்பதை உடனே இசையாக்கும் இப்பயிற்சியே பின்னர்த் திரைப்படத் தொழிலுக்கு அவரை ஆயத்தம் செய்தது. மூன்றாவது, கெர்ட்ரூட் ஸ்டைன் என்னும் அமெரிக்க எழுத்தாளர் இயற்றிய சொற்களுக்கு இசையமைத்த ஓர் இசை நாடகம். புனிதர்களைப் பற்றிய அந்நாடகம் 1934-ம் ஆண்டு பெப்ரவரி மாதம் 8-ந் தேதி ஹார்ட்போர்டு நகரத்தில் அரங்கேறியது. நிறவேற்றுமை கொடுங்கோல் செலுத்திய அந்நாளிலே, பாத்திரங்கள் அனைத்தையும் கறுப்பின மக்களே ஏற்று நடித்தனர் என்பதும், அவர்களுடைய தெளிந்த உச்சரிப்பையும் இனிய குரலையும் கருதியே தாம்ஸன் அவர்களைத் தேர்ந்தார் என்பதும் நினைவில் வைக்கத்தக்கன.

இனி, அவரைத் திரைப்படத்துக்கு அழைத்து வந்த நிகழ்ச்சியைக் கூறுவோம். 1930-ஐ ஒட்டிய ஆண்டுகளில் அமெரிக்கா பெரும் பொருளாதார வீழ்ச்சியால் வாடியது. அதே காலத்தில் நாட்டின் நடுவேயுள்ள பெருஞ் சமவெளியிலே மழை பொய்த்தது. முதல் யுத்தத்தின்போது கோதுமைக்குக் கிடைத்த கொள்ளை விலையைக் கண்டு, புல் மூடிக் கிடந்த நிலத்தையெல்லாம் ஏர் கொண்டு கிழித்திருந்தனர். வேரோடிப் பிடித்துவைத்த புல் போயிற்று. வறட்சி வந்ததும் மண் புழுதியாய்க் கிளம்பிப் பகலை இரவாக்கிற்று. பல்லாயிரம் குடும்பங்கள் வீடும் நிலமும் துறந்து, பழைய மோட்டார் வண்டிகளிலே மேற்கு நோக்கிப் பிழைப்புத் தேடிச் சென்றன.

இத்துயரை நாட்டார்க்கு உணர்த்தும் பொருட்டு, குடியேற்றத்துக்கான அரசாங்க இலாகா ஒன்று பேர் லாரன்ட்ஸ் என்னும் பத்திரிகை விமரிசகரை ஒரு படம் எடுக்குமாறு பணித்தது. லாரன்ட்ஸ் அதற்குமுன் ஒரு படமும் எடுத்தவரல்லர். கொடுக்கப்பட்ட பொருளோ மிகச் சிறிது. ஹாலிவுட்டின் பெருங் கம்பெனிகள் அரசாங்கம் தமக்குப் போட்டியாக வருகின்றதென்று ஐயுற்று, தம்மிடமிருந்த பழைய காட்சிச் சுருள்களையும் அவருக்குத் தர மறுத்தன. கிங் வீடார் என்னும் டைரக்டர் தனிப்பட உதவி செய்திராவிட்டால் அவர் பாடு இன்னும் அவலமாயிருக்கும். கைப்பொருளையும் செலவிட்டே அவர் படத்தை முடிக்க வேண்டியதாயிற்று. அவர் எடுத்த படமே சமவெளியைப் பிளந்த கலப்பை என்னும் பொருளுள்ள பெயர் கொண்டது.

இசையமைப்பாளரைத் தேடிய லாரன்ட்ஸ் பலரைக் கண்டு பேசினார். சிலர் கலையைப் பற்றி நெடிது உரையாடினர். சிலர் அவருக்கு எட்டாத ஊதியம் கேட்டனர். தாம்ஸனோ முதலிலேயே கையிலுள்ள பணம் எவ்வளவு என்று வினவினார். வாத்தியக்காரர்க்கும் ஒலிப்பதிவுக்கும் போக, இசையமைப்பவருக்கு 500 டாலருக்குமேல் கொடுக்க இயலாது என்று லாரன்ட்ஸ் உள்ளதை உரைத்தார். ஒருவனிடம் உள்ளதற்குமேல் அவனிடம் பெற முடியாது என்று கூறித் தாம்ஸன் அப்பொழுதே ஒப்புக்கொண்டார். வாத்தியக்காரரின் கூலியில் ஒரு காசையும் குறைக்கச் சொல்லாது, தம் பங்கைக் கடைசியில் வைத்த இச்செயல், அவர் இசையைக் கேளாதவர்க்கும் அவரை இன்னாரென்று அறிவிக்கும்.

படத்துக்கு இசை அமைப்பது எவ்வாறு என்பதை இங்கே சிறிது விளக்குதல் நலம். வழக்கமாக, படம் முழுவதும் வெட்டி ஒட்டி முடிந்தபின் இசையமைப்பாளர் அழைக்கப்படுவார். இக்காட்சிக்கு இத்தனை விநாடி, அக்காட்சிக்கு அத்தனை விநாடி என்று கடிகாரம் வைத்து அளந்து கொடுப்பர். அவ்வளவுக்குள் அவர் தம் இசையை நறுக்கிப் பொருத்த வேண்டும். லாரன்ட்ஸும் தாம்ஸனும் இம்முறைக்கு முற்றும் அடிமைப்படவில்லை. முதலில் தாம்ஸன் பியானோவுக்கென ஒரு வரைவு எழுதினார். அதனைக் கேட்ட லாரன்ட்ஸ், இசை வளரும் இடத்தில் காட்சியை நீட்டியும், இசை முடியும் இடத்தில் காட்சியைக் குறைத்தும், தம் படத்தையே மீண்டும் ஒழுங்குபடுத்தினார். இவ்வாறு காட்சியும் இசையும் ஒன்றையொன்று மதித்து, இரு சகோதரர்போல் நடந்தன.

அவ்விசையின் அமைப்பும் எண்ணத்தக்கது. புல்வெளி தோன்றும்போது அமைதியான ஆயர் இசை. மாட்டு மந்தைகள் வரும்போது மேய்ப்பர் பாடும் நாட்டு மெட்டுக்கள், கிட்டார், பாஞ்சோ முதலிய எளிய வாத்தியங்களோடு. கோதுமை வியாபாரத்தில் மக்கள் பேராசை கொண்டு ஆடும்போது, நகரத்து நடன விடுதிகளில் ஒலிக்கும் புளூஸ் என்னும் இசை. பின்னர் வறட்சி, புழுதி. அந்தப் புழுதியின் நடுவே, கதவை அடைத்துக்கொண்டு வீட்டுக்குள் ஒடுங்கும் குடும்பத்தின் துயரின் ஊடே, பழைய நூறாம் சங்கீதத்தின் மெட்டு கேட்கின்றது. சகல நன்மைக்கும் காரணரான ஆண்டவரைத் துதிக்க உலகமெங்கும் சபைகள் பாடும் மெட்டு அது. நம் கல்லூரி ஆலயத்தில் அதனை அறியாத மாணவரும் உளரோ? விளைச்சல் பெருகிய நாளில் நன்றி கூறப் பாடிய மெட்டை, யாதும் விளையாத நாளில் அவர் ஒலிக்கச் செய்தார். அது நிந்தையா, ஜெபமா என்று கேட்போர் மனம் தடுமாறும். யோபுவின் வரலாற்றைப் படித்தவர்க்கு இத்தடுமாற்றம் புதிதன்று. உரையாசிரியர் ஒருவர் பல பக்கங்களில் விளக்க வேண்டியதை அம்மெட்டின் சில அடிகள் சொல்லிவிடுகின்றன.

1936-ம் ஆண்டு மே மாதம் 10-ந் தேதி அப்படம் வாஷிங்டன் நகரில் முதன்முதல் காட்டப்பட்டது. ஹாலிவுட்டின் வியாபாரிகள் தம் கொட்டகைகளில் அதற்கு இடம் தர மறுத்தனர். நியூயார்க்கில் ரியால்டோ என்னும் கொட்டகையை நடத்தியவர் துணிந்து அதனைக் காட்டினார்; மக்கள் விரும்பிப் பார்த்தனர்; பின்னர் நாடெங்கும் தனிக் கொட்டகைகள் பல அதனை ஏற்றன. சமவெளி மாகாணத்தார் சிலர் தம் நாட்டைப் பாழ்நிலமாகக் காட்டிவிட்டனரென்று சினந்ததும் உண்டு. கசக்கும் உண்மையைச் சொல்வோர்க்கு இவ்விரு கூலியும் எக்காலத்தும் கிடைப்பனவே.

அடுத்து, அதே இருவரும் சேர்ந்து நதி என்னும் படத்தை ஆக்கினர். மிஸ்ஸிஸிப்பிப் பேராறும் அதன் கிளைகளும், காடழித்ததால் மண் கரைந்து வெள்ளம் பெருகிய கதையும் அதன் பொருள். படம் எடுத்து முடியும் தறுவாயில், 1937-ம் ஆண்டு ஜனவரியில், ஒஹையோ ஆறு பெருவெள்ளம் கொள்ள, படமெடுப்போர் விரைந்து சென்று அவ்வெள்ளத்தையே படம் பிடித்தனர். தாம்ஸன் ஆற்றங்கரை மக்களின் பழைய ஞானப்பாட்டு மெட்டுக்களைத் தேடி எடுத்துக் கோத்தார். பாரிஸில் தாம் இயற்றிய ஞானப்பாட்டுச் சிம்பொனியின் பகுதியையும் இப்படத்துக்கு ஈந்தார். பத்தாண்டுகளுக்கு முன் எளியவர் மெட்டென்று பலர் புறக்கணித்தது இப்பொழுது ஒரு தேசத்தின் குரலாயிற்று. 1938-ம் ஆண்டு வெனிஸ் நகரத்துப் படவிழாவில் இப்படம் டாக்குமெண்டரிப் படங்களுள் சிறந்ததெனப் பரிசு பெற்றது.

ஸ்பெயின் தேசத்து உள்நாட்டுப் போரைப் பற்றி யோரிஸ் ஐவன்ஸ் 1937-ல் எடுத்த படத்துக்கும் தாம்ஸன் துணைசெய்தார். அங்கே அவர் புதிதாய் ஒன்றும் இயற்றவில்லை; மார்க் பிளிட்ஸ்டைன் என்பவரோடு சேர்ந்து, அத்தேசத்து மக்களின் இசைத்தட்டுக்களையே தேர்ந்து தொகுத்தார். தம் இசை தேவையில்லாத இடத்தில் விலகி நிற்பதும் புலமையே. அவர் வகுத்த இவ்வழியைப் பின்பற்றியவருள் தலைசிறந்தவர் ஆரன் காப்லாந்து. இன்று அமெரிக்க இசை என்றவுடன் செவியில் தோன்றும் அகன்ற வெளியின் ஓசைக்கு முதல் வித்திட்டவர் தாம்ஸனே என்பர் சங்கீத சரித்திரம் அறிந்தோர்.

1940-ம் ஆண்டு ஜெர்மன் படை பாரிஸை நெருங்கியபோது அவர் தாய்நாடு திரும்பினார். அவ்வாண்டு அக்டோபரில் நியூயார்க் ஹெரால்டு டிரிப்யூன் என்னும் பத்திரிகையின் சங்கீத விமரிசகராகி, 1954 வரை அப்பதவி வகித்தார். முதல் விமரிசனத்திலேயே பெயர்பெற்ற வாத்திய கோஷ்டி ஒன்றைக் கண்டித்து எழுதி நகரத்தைத் திடுக்கிடச் செய்தார். தெளிவும் நகைச்சுவையும் அஞ்சாமையும் கூடிய அவர் நடையை இன்றும் மாணவர் பயில்கின்றனர். ஆனால் அவர்பால் ஒரு குறையும் உண்டு. வரலாறு எழுதுவோர் அதனை மறைத்தல் தகாது. பத்திரிகையில் எவருடைய கச்சேரியைப் பற்றித் தீர்ப்புக் கூறினாரோ, அவர்களுள் பலர் அவருடைய இசையைத் தம் மேடைகளில் வாசித்தனர். நீதிபதியும் வழக்காளியும் ஒருவரேயானால் நடுநிலை எங்ஙனம் நிலைக்கும்? இதனை அக்காலத்திலேயே பலர் முணுமுணுத்தனர். அவர் அதனைப் பொருட்படுத்தவில்லை. பணத்தில் அத்துணைத் தூய்மை காட்டியவர் புகழில் அவ்வளவு காட்டினார் என்று சொல்ல இயலவில்லை.

1948-ம் ஆண்டிலே அவருடைய திரையிசையின் சிகரம் தோன்றியது. ராபர்ட் பிளஹர்ட்டி என்னும் முதுபெரும் டாக்குமெண்டரிக் கலைஞர் லூயிஸியானாக் கதை என்னும் படத்தை எடுத்தார். அம்மாகாணத்தின் சதுப்பு நிலத்திலே சிறு ஓடத்தில் திரியும் ஒரு சிறுவன், அவன் வளர்க்கும் ரக்கூன் என்னும் சிறு பிராணி, அவன் அஞ்சும் முதலை, அவ்வமைதியான நீர்வெளிக்குள் ஒருநாள் மிதந்து வரும் எண்ணெய்க் கிணற்றுக் கோபுரம், இவையே கதை. பிரெஞ்சு மொழி பேசும் அந்நாட்டு மக்களின் நாட்டுப் பாடல்களைத் தாம்ஸன் ஆராய்ந்து கையாண்டார். நீர்வெளிக்கு ஓர் ஓசை, முதலையோடு போராடும் காட்சிக்குக் குரலைக் குரல் துரத்தும் பியூக் என்னும் அமைப்பு, கோபுரம் வரும் காட்சிக்கு ஆலயப் பாட்டுப்போன்ற கம்பீர இசை என்று ஒவ்வொன்றுக்கும் உரிய வடிவம் தேர்ந்தார். கிணறு தோண்டும் காட்சியிலோ இசையே இல்லை. இயந்திரத்தின் ஓசை ஒன்றே. யூஜீன் ஆர்மண்டியின் தலைமையில் பிலடெல்பியா வாத்திய கோஷ்டி இவ்விசையை வாசித்தது. 1949-ல் இதற்குப் புலிட்சர் பரிசு கிடைத்தது. ஒரு திரைப்படத்தின் இசைக்கு அப்பரிசு வழங்கப்பெற்றது அதுவே முதல் முறை.

எனினும் இங்கே ஒரு வினா எழுகின்றது. அப்படத்துக்குப் பொருள் கொடுத்தது நியூ ஜெர்ஸியைச் சேர்ந்த ஸ்டாண்டர்டு ஆயில் என்னும் எண்ணெய்க் கம்பெனி. பிளஹர்ட்டிக்கு முழு உரிமை அளித்து, தன் பெயரையும் படத்தில் காட்ட வேண்டாமென்று அக்கம்பெனி விட்டுவிட்டது உண்மையே. ஆயின் படத்தின் முடிவில் கோபுரம் நீங்குகின்றது. சதுப்பு நிலம் ஊறுபடாமல் முன்போலவே கிடக்கின்றது. மெய்யான வரலாறு அவ்வாறு முடியவில்லை. 1932 முதல் 2016 வரையில் லூயிஸியானாவின் கடற்கரை ஏறத்தாழ 4,800 சதுர கிலோமீட்டர் நிலத்தைக் கடலுக்கு இழந்தது என்று அந்நாட்டு நிலவியல் ஆராய்ச்சியாளர் அளந்துள்ளனர். எண்ணெய்க்காக வெட்டிய கால்வாய்களும், வண்டல் வந்து சேராதபடி மிஸ்ஸிஸிப்பியின் இருமருங்கும் எழுப்பிய கரைகளும் அதன் காரணங்களுட் சில. கலப்பையின் குற்றத்தை அஞ்சாது பாடிய இசை, எண்ணெய்க் கோபுரத்துக்கு ஆலயப் பாட்டுப் பாடியது. இசைப்புலவர் வருவதை அறியும் தீர்க்கதரிசியல்லர் என்று அவரை மன்னிக்கலாம். ஆயினும், பொருள் கொடுப்போன் வாய்திறவாதிருக்கும்போதும் அவன் விருப்பம் பாட்டினுள் புகக்கூடும் என்னும் எச்சரிக்கையை நாம் விட்டுவிடலாகாது.

பின்னரும் அவர் சில படங்களுக்கு இசையமைத்தார். பெண்களின் வாக்குரிமைக்குப் போராடிய ஸூஸன் அந்தோணி அம்மையாரைப் பற்றி அவரும் ஸ்டைன் அம்மையாரும் ஆக்கிய இசை நாடகம் 1947-ல் அரங்கேறியது. மூன்றாவது இசை நாடகம் 1972-ல் வந்தது. தம் சுயசரிதையை 1966-ல் வெளியிட்டார். 1983-ல் கென்னடி மண்டபத்தின் கௌரவமும், 1988-ல் தேசியக் கலைப் பதக்கமும் அவரை நாடி வந்தன. 1940-க்குப்பின் நியூயார்க்கின் செல்ஸி விடுதியிலே சில அறைகளில் எளிமையாய் வாழ்ந்து, 1989-ம் ஆண்டு செப்டம்பர் மாதம் 30-ந் தேதி, தொண்ணூற்றிரண்டாம் வயதில் அங்கேயே உயிர்நீத்தார்.

அன்பர்களே, ஒரு மனிதருடைய வாழ்வை அளக்கும் கோல் யாது? தாம்ஸன் இயற்றியவற்றுள் அளவாற் பெரியவை அவர் இசை நாடகங்களே. ஆயினும் அரைமணி நேரம்கூட ஓடாத ஒரு புழுதிப் படத்துக்கு, 500 டாலர் பெற்றுக்கொண்டு அவர் சில நாட்களில் எழுதிய இசையை இன்றும் வாத்திய கோஷ்டிகள் வாசிக்கின்றன. அதன் உயிர் எங்கிருந்து வந்தது? உழவரும் மேய்ப்பரும் சபையாரும் தலைமுறை தலைமுறையாய்ப் பாடிய மெட்டுக்களிலிருந்து வந்தது. பாரிஸிலே கற்ற கல்வி அம்மெட்டுக்களை இகழும்படி அவருக்குக் கற்பிக்கவில்லை. அவற்றைக் காக்கும் வன்மையையே அளித்தது.

நம் நாட்டிலும் ஏற்றம் இறைப்போர் பாட்டும், நடவுப் பாட்டும், தாலாட்டும், ஒப்பாரியும், ஆலயங்களில் முதியோர் நினைவிலிருந்தே பாடும் கீர்த்தனைகளும் உள. ஏற்றமும் கவலையும் போய் இயந்திரம் வந்தபோது அவற்றோடு பாட்டுக்கள் பலவும் போய்விட்டன; எஞ்சியவற்றை அறிந்த முதியோர் ஆண்டுதோறும் குறைந்துவருகின்றனர். விடுமுறைக்கு ஊர் செல்லும் மாணவர் ஒவ்வொருவரும் தம் பாட்டியிடம் ஒரு பாட்டையேனும் கேட்டுச் சொல்லும் மெட்டும் சிதையாமல் பதிந்து வருவாராயின், நாளை நம்மிடையே தோன்றும் இசைப்புலவன் ஒருவனுக்கு அது கருவூலமாகும். அவன் வரும்போது கொடுப்பதற்கு நம் கையில் ஒன்றும் இல்லாதிருத்தல் ஆகாது.